எந்த ஆறு மேடு?



1793ஆம் ஆண்டு ஜூன் மாதம் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் மிடில்செக்ஸ் கால்வாய்க் கம்பெனி என்ற ஒரு கம்பெனிக்கு அனுமதி கிடைத்தது. பாஸ்டன் துறைமுகத்தையும் அதற்கு வடக்கே ஓடும் மெரிமாக் ஆற்றையும் கால்வாய் வெட்டி இணைப்பது அந்தக் கம்பெனியின் வேலை. சட்டமன்றம் ஒப்புக்கொண்டாயிற்று, ஆளுநர் ஜான் ஹான்காக் கையெழுத்திட்டாயிற்று. சுதந்திரப் பிரகடனத்தில் எல்லாரையும்விடப் பெரிதாகக் கையெழுத்துப் போட்டாரே, அதே ஹான்காக். மாநிலத்தின் அட்டர்னி ஜெனரல் ஜேம்ஸ் சல்லிவன் கம்பெனித் தலைவர். பங்கு வாங்கியவர்கள் பாஸ்டனின் பெரிய மனிதர்கள். பணம் திரட்டிவிடலாம், நிலம் எடுக்கச் சட்டம் இருக்கிறது, மரமும் கல்லும் வழியெல்லாம் கிடைக்கின்றன. தரை எந்தப் பக்கம் சரிகிறது என்பதுதான் யாருக்கும் தெரியவில்லை.

கால்வாய் போகவேண்டிய வழியில், தெற்கு முனையிலிருந்து சுமார் 22 மைல் தொலைவில், கான்கார்ட் என்ற சிறிய ஆறு குறுக்கிடுகிறது. அங்கிருந்து மெரிமாக் இன்னும் ஐந்து மைல்தான். வோபர்ன் ஊரைச் சேர்ந்த சாமுவேல் தாம்ப்சன் என்ற சர்வேயரை அனுப்பி மட்டம் பார்க்கச் சொன்னார்கள். வயல் எல்லை பிரிப்பதிலும் சாலை அளப்பதிலும் பழகிய கை. அவர் அளந்துவிட்டு வந்து, கான்கார்டிலிருந்து மெரிமாக்குக்குத் தரை ஏறுகிறது என்றார். அடுத்த ஆண்டு நல்ல கருவியோடு இன்னொருவர் அளந்தபோது ஏற்றமே இல்லை, சுமார் 25 அடி இறக்கம் என்று தெரிந்தது.

இதில் என்ன பெரிய விஷயம் என்று தோன்றலாம். கால்வாய் ஆறு மாதிரி தானாக ஓடாது. அதன் உச்சி எங்கே இருக்கிறதோ அங்கே தண்ணீர் வேண்டும். அந்தத் தண்ணீர்தான் இரண்டு பக்கமும் இறங்கி, படகுகளை ஏற்றி இறக்கும் தொட்டிகளை நிரப்பும். மெரிமாக் மேட்டில் இருந்தால் அந்தப் பெரிய ஆறே கால்வாய்க்குத் தண்ணீர் கொடுத்துவிடும். கான்கார்ட் மேடு என்றால், அந்தச் சிற்றாறு ஒன்றே வடக்கே ஐந்து மைலுக்கும் தெற்கே இருபத்திரண்டு மைலுக்கும் படியளக்க வேண்டும். அணை எங்கே, வாய்க்கால் ஆழம் எவ்வளவு, தொட்டிகள் எத்தனை, எல்லாமே தலைகீழாகிவிடும். தாம்ப்சன் சொன்ன கணக்கை நம்பி மண்வெட்டியை எடுத்திருந்தால் பாஸ்டன் பெரிய மனிதர்களின் பணம் மாசசூசெட்ஸ் மணலுக்குள் போயிருக்கும்.

அந்தக் கணக்கை நம்பி வேலையைத் தொடங்காமல், சரியாக அளக்கத் தெரிந்த ஆளைத் தேடி நாட்டின் இன்னொரு மூலைக்குப் போனவரைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன். பெயர் லோயாமி பால்ட்வின். தச்சர், ராணுவக் கர்னல், சட்டமன்ற உறுப்பினர், ஷெரிப், பிறகு கால்வாய்ப் பொறியாளர். அமெரிக்கக் கட்டுமானப் பொறியியலின் தந்தை என்று சில நூல்களில் அவருக்குப் பட்டம் உண்டு. சில நூல்கள் அதே பட்டத்தை அவருடைய மகனுக்குக் கொடுக்கின்றன. பட்டத்தை அப்பாவும் பிள்ளையும் பிரித்துக்கொள்ளட்டும். பொறியாளரே இல்லாத ஒரு நாட்டில், ஐம்பது வயதை நெருங்கும் ஓர் அரசியல்வாதி எப்படிப் பொறியாளர் ஆனார் என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

பால்ட்வின் பிறந்தது மாசசூசெட்ஸின் மிடில்செக்ஸ் மாவட்டத்தில், வோபர்ன் ஊரின் வடக்குப் பகுதியில், 1740களின் நடுவில். முப்பாட்டனார் காலத்திலிருந்தே அந்த ஊர்க்காரர்கள்.    

அப்பா தச்சர். பிள்ளையும் அதே தொழில், மேஜை அலமாரி செய்கிற நுண்தச்சு. உள்ளூர்ப் பள்ளிப் படிப்புக்கு மேல் எதுவும் கிடையாது. ஆனால் 1771இல், இருபத்தாறு இருபத்தேழு வயதில், அவர் ஒரு காரியம் செய்தார். எட்டு மைலுக்கு மேல் தள்ளியிருந்த கேம்பிரிட்ஜுக்கு நடந்துபோய், ஹார்வர்டு கல்லூரியில் ஜான் வின்த்ரப் நடத்திய இயற்பியல் வகுப்புகளில் உட்கார அனுமதி வாங்கினார். வின்த்ரப் சாமானியப்பட்டவர் அல்ல. 1761இல் வெள்ளிக் கோள் சூரியனைக் கடப்பதைப் பார்க்க நியூஃபவுண்ட்லாந்து வரை கப்பலில் போனவர். மாணவனாகச் சேராமல் கேட்டுவிட்டுப் போகும் ஒரு தச்சனை அவர் வகுப்பில் விட்டாரே, அதைப் பாராட்ட வேண்டும்.

பால்ட்வின் தனியாக நடக்கவில்லை. கூட ஒரு பையன், வயது பதினெட்டு. அவனும் வோபர்ன்தான், பெயர் பெஞ்சமின் தாம்ப்சன். இருவரும் வகுப்பில் பார்த்த கருவிகளை வீட்டுக்கு வந்து தாங்களே செய்து, சோதனைகளைத் திரும்பச் செய்து பார்ப்பார்களாம். நுண்தச்சு தெரிந்தவனுக்கு அது எளிது. இந்தப் பையன்தான் பிற்காலத்தில் ரம்ஃபோர்டு பிரபு ஆனவர். பவேரியாவில் பீரங்கிக் குழாய் துளைக்கும்போது எழும் வெப்பத்தைக் கவனித்து, வெப்பம் ஒரு பொருள் அல்ல, அது இயக்கம் என்று 1798இல் வாதிட்டவர். லண்டனில் ராயல் இன்ஸ்டிட்யூஷன் அமையக் காரணமானவர். ஒரே தெருப்பக்கத்து இரண்டு இளைஞர்கள், ஒரே பேராசிரியர். ஒருவர் ஐரோப்பாவின் அரண்மனைகளுக்குப் போனார், ஒருவர் வோபர்னிலேயே இருந்தார்.

அதே 1771 ஜூலையில் பால்ட்வின் ஓர் ஆபத்தான வேலையும் பார்த்தார். இடிமேகத்தில் மின்சாரம் இருக்கிறதா என்று பார்த்த பெஞ்சமின் ஃபிராங்க்ளினின் பட்டச் சோதனையைச் செய்து பார்க்க ஆசை. இடிமேகம் திரண்டு வரும்போது பட்டத்தை ஏற்றினார். தன்னைச் சுற்றி ஏதோ நெருப்பாலான காற்றுப் போல ஒளி படர்வதைக் கண்டார். வீட்டாரும் அக்கம்பக்கத்தாரும் அதைப் பார்த்து மிரண்டுபோனார்கள். அவருக்கோ கொஞ்சம் தளர்ச்சி, அவ்வளவுதான். இதையெல்லாம் எழுதி, 1785இல் அமெரிக்கக் கலை அறிவியல் கழகத்தின் முதல் தொகுதியில் வெளியிட்டார். ஐரோப்பாவில் இதே வகைச் சோதனையில் ஆளே இறந்துபோயிருக்கிறார். வோபர்ன் தச்சர் பிழைத்தது அதிர்ஷ்டம் என்றே சொல்லவேண்டும்.

பிறகு அமெரிக்கச் சுதந்திரப் போர். 1775 ஏப்ரல் 19, லெக்சிங்டன், கான்கார்ட் ஊர்களில் முதல் துப்பாக்கி வெடித்த நாள், பால்ட்வின் வோபர்ன் ஊர்ப் படைக்கு மேஜர். பாஸ்டனுக்குத் திரும்பிப் போன பிரிட்டிஷ் சிப்பாய்களை வழியில் மடக்கிச் சுட்டவர்களில் அவருடைய ஆட்களும் உண்டு. பாஸ்டன் முற்றுகையின்போது அவருக்கு செல்சியில் வேலை. துறைமுகத்துக்குள் எந்தக் கப்பல் வருகிறது, எது போகிறது என்று கவனித்து தளபதி வாஷிங்டனுக்குக் கடிதம் அனுப்பிக்கொண்டிருந்தார். கண்ணால் கண்டதைக் கூட்டாமல் குறைக்காமல் எழுதும் பழக்கம் அவருக்கு இருந்தது என்று இந்தக் கடிதங்களை வைத்துச் சொல்லலாம். கர்னல் ஆகி, 1776 டிசம்பரில் டெலவேர் ஆற்றைக் கடந்து ட்ரென்டன் சண்டைக்கும் போனார். உடம்பு கெட்டு, 1777இல் படையை விட்டு விலகினார்.

நண்பன் பெஞ்சமின் தாம்ப்சன் எதிர்ப் பக்கம். பிரிட்டிஷாருக்கு வேண்டியவன் என்ற சந்தேகத்தில் 1775 மே மாதம் வோபர்னிலேயே அவனைப் பிடித்து விசாரித்தார்கள். கொஞ்ச காலத்துக்குப் பிறகு அவன் பிரிட்டிஷ் பக்கம் போயே போய்விட்டான். இந்த மாதிரிச் சந்தர்ப்பத்தில் ஊர் ஒருவனைக் கைகழுவிவிடும். பால்ட்வின் அப்படிச் செய்யவில்லை. போர் முடிந்தபின் கடிதத் தொடர்பு மீண்டும் தொடங்கியது. ரம்ஃபோர்டின் வாழ்க்கைக் குறிப்பு ஒன்றை 1805இல் எழுதி வெளியிட்டதும் பால்ட்வின்தான். எதிரிப் படைக்குப் போன ஒருவனைப் பற்றி, அவனை எதிர்த்துப் போரிட்ட படையின் கர்னல் எழுதியது. அரசியல்வாதிகளிடம் நான் பொதுவாகக் காணாத குணம் இது.

அரசியலுக்கு வருவோம். 1778 முதல் 1784 வரை மாநிலச் சட்டமன்றத்தில் வோபர்னின் பிரதிநிதி. 1780இல் மாசசூசெட்ஸுக்குப் புதிய அரசியல் சட்டம் வந்ததும் மிடில்செக்ஸ் மாவட்டத்தின் ஷெரிப். அந்த ஊர் ஷெரிப் அலங்காரப் பதவி அல்ல. நீதிமன்ற உத்தரவுகளை நிறைவேற்ற வேண்டும். கடன் கட்டாதவனின் மாட்டை, நிலத்தை ஜப்தி செய்ய வேண்டும். போருக்குப் பிந்திய அந்த ஆண்டுகளில் விவசாயிகள் கடனில் மூழ்கிக் கிடந்தார்கள். 1786இல் மேற்கு மாசசூசெட்ஸில் ஷேஸ் கலகம் வெடித்தபோது இந்த மாவட்டத்திலும் கான்கார்ட் நீதிமன்றத்தை நடக்கவிடாமல் விவசாயிகள் தடுத்தார்கள். அப்படிப்பட்ட பதவியில் இருந்துவிட்டு ஊர்க்காரர்களின் மதிப்பையும் காப்பாற்றிக்கொள்வது லேசு அல்ல. 1794இல் அவர் காங்கிரஸுக்குப் போட்டியிட்டபோது வோபர்னில் விழுந்த ஓட்டுகளில் ஒன்றைத் தவிர மற்றதெல்லாம் அவருக்கு என்பார்கள். மற்ற ஊர்கள் கைவிட்டதால் காங்கிரஸுக்குப் போக முடியவில்லை. எனக்கு அதில் வருத்தமில்லை. அவர் காங்கிரஸுக்குப் போயிருந்தால் கால்வாய் என்னவாகியிருக்கும்?

ஷெரிப் வேலைதான் அவரைக் கால்வாய்க்குத் தயார்செய்தது என்பது என் கணிப்பு. எந்தப் பண்ணை யாருடையது, யாருக்கும் யாருக்கும் எல்லைத் தகராறு, யார் வாக்குக் கொடுத்தால் நிற்பார், எல்லாம் அவருக்குத் தெரியும். இருபத்தேழு மைல் கால்வாய் நூற்றுக்கணக்கான வயல்களையும் தோப்புகளையும் இரண்டாகப் பிளந்துகொண்டு போகும். ஒவ்வொருவரிடமும் பேச வேண்டும், விலை படிய வேண்டும், மாடு கடக்க ஒரு மரப்பாலம் போட்டுத் தருவதாகச் சொல்ல வேண்டும். ஐம்பது பாலங்கள் வரை கட்டியிருக்கிறார்கள். இங்கிலாந்திலிருந்து எந்த மேதையை அழைத்து வந்தாலும் இந்த வேலையைச் செய்திருக்க முடியாது.

ஆனால் மட்டம் பார்க்க இங்கிலாந்துக்காரர்தான் வேண்டியிருந்தது. அப்போது அமெரிக்காவில் கால்வாய் வேலையை முறையாகக் கற்றவர் என்று சொல்ல ஒருவரே இருந்தார், வில்லியம் வெஸ்டன். பென்சில்வேனியாவில் ஒரு கால்வாய்க் கம்பெனிக்கு வேலை செய்துகொண்டிருந்தார். மிடில்செக்ஸ் கம்பெனியின் துணைத்தலைவர்களில் ஒருவரான பால்ட்வினே பிலடெல்ஃபியாவுக்குப் புறப்பட்டுப் போனார். 1794 கோடையில் வெஸ்டன் வந்து, ரசமட்டத்தோடு தொலைநோக்கி பொருத்திய நல்ல கருவியை வைத்து வழி முழுவதையும் அளந்தார். கான்கார்ட் ஆறு கடல்மட்டத்துக்கு நூறடிக்கு மேல் உயரத்தில் இருக்கிறது. மெரிமாக் அதற்குக் கீழே. பில்லரிக்கா என்ற ஊரில் கான்கார்ட் ஆற்றில் ஏற்கனவே இருந்த ஆலை அணைதான் கால்வாயின் உச்சி. கணக்கு நேரானது. வெஸ்டன் தம் வேலைக்குத் திரும்பினார். அவர் அளக்கும்போது கூடவே நின்று, கருவியை எப்படிப் பிடிக்கிறார், பார்வையை எப்படித் திருத்துகிறார் என்று கவனித்தவர் பால்ட்வின். அதற்குப் பிறகு கால்வாய்க்கு அவரே பொறியாளர்.

1794 செப்டம்பர் 10 அன்று பில்லரிக்காவில் பால்ட்வின் முதல் மண்ணை வெட்டினார். தண்ணீர் தெற்கே சார்ல்ஸ்டவுன் முனை வரை வந்தபோது 1803 முடியப்போகிறது. ஒன்பது வருஷம். மேலே முப்பதடி அகலம், ஆழம் மூன்றரை அடி, இருபது லாக்குகள், எட்டுத் தொட்டிப்பாலங்கள். லாக் என்பது இரண்டு பக்கமும் கதவு போட்ட நீளமான தொட்டி. படகை உள்ளே விட்டுக் கதவைச் சாத்தித் தண்ணீரை விட்டால் படகு மேலே எழும்பும். வடித்தால் கீழே இறங்கும். மின்சாரம் இல்லை, இயந்திரம் இல்லை, புவியீர்ப்பு ஒன்றே போதும். ஆனால் அந்தத் தொட்டி ஒழுகக்கூடாது. கருங்கல் அடுக்கினால் போதாது, கல்லுக்கும் கல்லுக்கும் நடுவில் போகும் காரை தண்ணீருக்குள்ளேயே இறுக வேண்டும்.

பால்ட்வினின் கெட்டிக்காரத்தனத்தை நான் இங்கேதான் பார்க்கிறேன். சாதாரணச் சுண்ணாம்புச் சாந்து காற்றில் உள்ள கரியமில வாயுவை இழுத்து இறுகும். தண்ணீருக்குள் காற்று ஏது? சாந்து கரைந்து போய்விடும். எரிமலைச் சாம்பலைச் சுண்ணாம்போடு சேர்த்தால் தண்ணீருக்குள்ளேயே கல்லாகும் என்பதை ரோமாபுரிக்காரர்கள் அறிந்திருந்தார்கள், டச்சுக்காரர்கள் அறிந்திருந்தார்கள். நம் ஊர்ப் பழைய கொத்தனார்கள் தொட்டிக்கும் மாடித் தளத்துக்கும் சுண்ணாம்போடு சுர்க்கி, அதாவது செங்கல் தூள், சேர்த்து அரைத்தது இதே ரசாயனம்தான். மாசசூசெட்ஸில் எரிமலை இல்லை. கரீபியனில் டச்சுக்காரர்கள் வசமிருந்த செயின்ட் யூஸ்டேஷியஸ் தீவில் இருந்தது. 1796இல் அங்கிருந்து கப்பலில் அந்த எரிமலை மண்ணை வரவழைத்தார் பால்ட்வின். வந்ததை அப்படியே கொத்தனாரிடம் கொடுத்துவிடவில்லை. இடித்து, சலித்து, சுண்ணாம்பும் மணலும் வெவ்வேறு விகிதத்தில் கலந்து, உருண்டை பிடித்துத் தண்ணீரில் போட்டு, எது எப்போது இறுகுகிறது என்று பார்த்து எழுதிக்கொண்டார். வின்த்ரப் வகுப்பில் கேட்டதை வீட்டில் செய்து பார்த்த அதே ஆள், அதே பழக்கம். கட்டுமானப் பொருளை இப்படிச் சோதித்துத் தேர்ந்த முயற்சி அமெரிக்காவில் அதற்கு முன் இருந்ததாக நான் படித்ததில்லை.

எல்லா லாக்குகளையும் கல்லில் கட்டப் பணம் போதவில்லை. சிலவற்றை மரத்தில் கட்டினார்கள், இரண்டு மரச்சுவர்களுக்கு நடுவே மண்ணை அடித்து இறுக்கி. மரம் அழுகும் என்பது தச்சருக்குத் தெரியாதா? தெரியும். பணம் இல்லாதபோது செய்யக்கூடியது அதுதான். வழியில் பல இடங்களில் மணல் தரை; தண்ணீர் விட்டால் குடித்துவிடும். படுகையில் களிமண்ணைக் குழைத்து, மிதித்துப் பூசினார்கள். கரை உடைந்தது, அடைத்தார்கள், வேறு இடத்தில் உடைந்தது. பில்லரிக்காவில் கான்கார்ட் ஆற்றையே கால்வாய் குறுக்கே கடக்க வேண்டும். அங்கே படகை இழுக்கும் குதிரை எங்கே நடக்கும்? தண்ணீரில் மிதக்கும் மரப்பாதை ஒன்றை ஆற்றின் குறுக்கே போட்டு, ஆற்றுப் படகு வரும்போது விலக்கிக்கொள்ளும்படி செய்தார்கள். படத்தில் பார்த்தால் விளையாட்டுப் பொருள் போலத் தெரியும். பல வருஷம் அது தாங்கியது.

பயன் என்ன என்றால், நியூ ஹாம்ப்ஷயர் காடுகளின் மரம் மெரிமாக் ஆற்றில் மிதந்து வந்து, கால்வாயில் நுழைந்து, மெட்ஃபோர்ட் கப்பல் கட்டும் துறைகளுக்குப் போய்ச் சேர்ந்தது. கருங்கல் வந்தது, விறகு வந்தது. சாலையில் 80 ஜோடி மாடு இழுக்கும் 100 டன் பாரத்தைக் கால்வாயில் ஒரு ஜோடி மாடு இழுத்துவிடும் என்பது அந்தக் காலக் கணக்கு. அதுவரை ஆற்றோடு கீழே போய் நியூபரிபோர்ட்டில் கடலைச் சேர்ந்த வியாபாரத்தைப் பாஸ்டன் தன் பக்கம் திருப்பிக்கொண்டது. நியூபரிபோர்ட்டுக்காரர்களுக்கு இந்தக் கால்வாய் பிடித்திருக்காது.

பிடிக்காத இன்னொரு கூட்டமும் உண்டு. அவர்களை நூல்கள் ஓர் ஓரத்தில் தள்ளிவிடுகின்றன. பில்லரிக்கா அணையை உயர்த்தியதால் மேலே கான்கார்ட், சட்பரி ஊர்களின் ஆற்றங்கரைப் புல்வெளிகள் தண்ணீரில் நின்றன. அந்தப் புல்தான் அந்த விவசாயிகளின் மாடுகளுக்குக் குளிர்காலத் தீவனம். அவர்கள் இரண்டு தலைமுறை வழக்காடினார்கள். 1859இல் அவர்கள் சார்பாக ஆற்றை அளக்கப் போனவர் ஹென்றி டேவிட் தோரோ. ஆமாம், வால்டன் குளக்கரையில் குடிசை போட்டவர், பிழைப்புக்குச் சர்வேயர். பால்ட்வின் அளந்து கட்டியதன் விளைவை வேறொருவர் அறுபது வருஷம் கழித்து அளந்துகொண்டிருந்தார். கால்வாய் கட்டியவரைப் பாராட்டும்போது இந்தப் புல்லையும் கணக்கில் வைக்க வேண்டும் என்பது என் எண்ணம்.

பங்குதாரர்கள் கதையும் சோகமானதுதான். கால்வாய்க்கு ஐந்து லட்சம் டாலருக்கு மேல் செலவு. பங்கு வாங்கிவிட்டோம், முடிந்தது என்று இருக்க முடியவில்லை. கம்பெனி திரும்பத் திரும்பப் பணம் கேட்டது. மொத்தம் நூறு தடவை கேட்டு, ஒரு பங்குக்கு 740 டாலர் வரை வாங்கிவிட்டது. முதல் ஈவுத்தொகை 1819இல்தான் கிடைத்தது. பால்ட்வின் அதைப் பார்க்கவில்லை; 1807 அக்டோபர் 20 அன்று வோபர்னில் இறந்துவிட்டார். வியாபாரமாகப் பார்த்தால் மிடில்செக்ஸ் கால்வாய் தோல்வி. போட்டது முழுசாகத் திரும்பவில்லை. ஆனால் 1808இல் கருவூலச் செயலாளர் ஆல்பர்ட் காலட்டின் நாடு முழுவதற்குமான சாலை, கால்வாய்த் திட்டத்தை எழுதியபோது, சுட்டிக்காட்ட உள்நாட்டில் கட்டி முடித்த பெரிய கால்வாயாக இது இருந்தது. நியூயார்க்கில் ஈரி கால்வாய் வெட்ட நினைத்தவர்கள் வேலை தொடங்கும் முன் இதைப் போய்ப் பார்த்தார்கள். பாஸ்டன் பங்குதாரர்கள் தெரியாமலே ஒரு நாட்டின் பொறியியல் படிப்புக்குக் கட்டணம் கட்டிவிட்டார்கள்.

நடுவில் ஒரு ஆப்பிள் கதை சொல்ல வேண்டும், அவர் பெயரை அமெரிக்க வீடுகளுக்குள் கொண்டுபோனது கால்வாய் அல்ல, அதுதான். வில்மிங்டன் ஊரில் பட்டர்ஸ் என்பவரின் பண்ணையில் தானாக முளைத்த ஓர் ஆப்பிள் மரம். மரங்கொத்திகள் விடாமல் அதைக் கொத்தும், அதனால் மரங்கொத்தி ஆப்பிள் என்றே பெயர். கால்வாய்க்கு வழி அளந்துகொண்டு போன சாமுவேல் தாம்ப்சன் அந்தப் பழத்தைக் கண்டு பால்ட்வினிடம் சொன்னாராம். இறக்கத்தை ஏற்றமாக்கிய அதே தாம்ப்சன்! மட்டக்கருவி அவருக்குக் கைகொடுக்கவில்லை, நாக்கு கைகொடுத்தது. பால்ட்வின் ஒட்டுப்போட்டுத் தம் தோட்டத்தில் வளர்த்தார், கேட்டவர்களுக்கெல்லாம் கொடுத்தார். பால்ட்வின் ஆப்பிள் என்று பெயர் நிலைத்தது. தோல் கெட்டி, குளிர்காலம் முழுவதும் கெடாது, பீப்பாயில் போட்டுக் கப்பலேற்றலாம். ஒரு நூற்றாண்டுக்கு நியூ இங்கிலாந்தின் முதல் வியாபார ஆப்பிள் அதுவே. தாய் மரம் 1815 புயலில் விழுந்தது. அந்த இடத்தில் 1895இல் ஒரு கல் நட்டார்கள். 1933–34 குளிரில் மரங்கள் ஏராளமாகப் பட்டுப்போன பிறகு அந்த ரகம் பின்னுக்குப் போய்விட்டது.

இனி பிள்ளைகள். பால்ட்வினுக்குப் பல மகன்கள், பெரும்பாலோர் அப்பாவின் கால்வாய்க் கரையில் வளர்ந்து பொறியாளர் ஆனவர்கள். அப்பாவின் பெயரையே கொண்ட இரண்டாம் லோயாமி 1800இல் ஹார்வர்டு முடித்தவர். அப்பா அனுமதி வாங்கி உட்கார்ந்த கல்லூரியில் மகன் முறைப்படி மாணவன். முதலில் சட்டம் படித்தார், பிறகு பொறியியலுக்கு வந்தார். சார்ல்ஸ்டவுனிலும் வர்ஜீனியாவின் நார்ஃபோக்கிலும் கடற்படைக்குக் கருங்கல் உலர்துறைகளைக் கட்டினார். இரண்டும் 1833இல் திறந்தன; சார்ல்ஸ்டவுன் துறையில் முதலில் நுழைந்த கப்பல் புகழ்பெற்ற கான்ஸ்டிட்யூஷன். அவரது தம்பி ஜேம்ஸ் ஃபௌல் பால்ட்வின் ரயில்வே பக்கம் திரும்பினார்.

இங்கேதான் கதை குடும்பத்துக்குள் திரும்புகிறது. லோவெல் என்ற நெசவாலை நகரம் மெரிமாக் கரையில், கால்வாயின் வடக்கு முனைக்குப் பக்கத்திலேயே எழுந்தது. பஞ்சையும் துணியையும் வருஷம் முழுவதும் ஏற்ற வேண்டும். கால்வாயோ குளிர்காலத்தில் உறைந்துவிடும், படகு நாள் கணக்கில் ஊரும். பாஸ்டன்–லோவெல் ரயில் பாதை போட முடிவெடுத்தார்கள். அதைக் கட்டிய பொறியாளர் ஜேம்ஸ் பால்ட்வின். அப்பா வெட்டிய கால்வாய்க்குக் கிட்டத்தட்ட இணையாக மகன் தண்டவாளம் போட்டார். இங்கிலாந்தில் செய்த ரயில் எஞ்சினைத் துண்டு துண்டாகப் பிரித்து லோவெலுக்குக் கொண்டுபோனது கால்வாய்ப் படகு. கூலியை வாங்கிக்கொண்டு கால்வாய் தன் எமனைத் தானே சுமந்தது. 1835இல் ரயில் ஓடத் தொடங்கியது. கால்வாயின் வருமானம் வருஷத்துக்கு வருஷம் சரிந்தது.

கம்பெனிக்குக் கடைசியாக ஒரு யோசனை வந்தது. 1843இல் அதன் நிர்வாகி கேலப் எடி ஒரு திட்டத்தை அச்சிட்டு வெளியிட்டார். பாஸ்டன் நகரம் நல்ல குடிநீருக்குத் தவிக்கிறது. கான்கார்ட் ஆற்றுத் தண்ணீரைக் கொண்டுவரும் வாய்க்கால் நம்மிடம் தயாராக இருக்கிறது. படகை விட்டுவிட்டுக் குடிநீர் விற்கலாம். எனக்கு இது நல்ல யோசனையாகவே படுகிறது. ஆனால் நகரம் வேறு இடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது. பாஸ்டனுக்கு மேற்கே உள்ள லாங் பாண்ட் ஏரியிலிருந்து தண்ணீர் கொண்டுவரலாம் என்று 1834லேயே நகரத்துக்கு அறிக்கை கொடுத்தவர் இரண்டாம் லோயாமி பால்ட்வின். 1837இல் அமைத்த குழுவில் பெரும்பான்மை வேறு குளங்களைச் சொன்னபோது, லாங் பாண்ட்தான் சரி என்று மாறுபட்டு நின்றவர் ஜேம்ஸ். கடைசியில் நகரம் அந்த ஏரியையே எடுத்துக்கொண்டது. அதற்குக் கொசிச்சுவேட் என்று பெயர் மாற்றி, வேலையை நடத்த மூன்று ஆணையர்களை நியமித்தது. அவர்களில் ஒருவர் ஜேம்ஸ் பால்ட்வின். 1848 அக்டோபர் 25 அன்று பாஸ்டன் காமன் மைதானத்தில் ஏரித் தண்ணீர் ஊற்றாகப் பொங்கியது. ஊரே திரண்டு வேடிக்கை பார்த்தது. மிடில்செக்ஸ் கால்வாய்க் கம்பெனி தன் நிலத்தைத் துண்டு துண்டாக விற்றுப் பங்குதாரர்களுக்குக் கணக்குத் தீர்க்கும் வேலையில் இறங்கியது.